மிஸ்டு கால் மீரா உசேன்

குடவாசல் சாலையில் சாக்குக் கடை வைத்திருந்த மீரா உசேனுக்கு ஊரார் வைத்த பட்டப்பெயர் இரண்டு. முதல் பெயர் பம்பாய் மீரா உசேன். சவூதிக்கென்று கிளம்பி, மனைவி ஹலீமாவின் சங்கிலியை விற்று ஏஜெண்டிடம் கொடுத்து, பம்பாய்வரைக்கும் போனவர் அவர். ஏஜெண்டு அங்கே காற்றோடு கலந்துவிட்டான். கோணி தைக்கும் கொட்டகை ஒன்றில் ஒண்டிக்கொண்டு வயிற்றைக் கழுவியவர், அந்தத் தொழிலையே கற்றுக்கொண்டு ஊர் திரும்பினார். ஆனால் அவர் சொல்லும் கதை வேறு. பம்பாய்க் கடற்கரையில் நின்று எக்கிப் பார்த்தால் அக்கரையில் அரபு நாட்டு விளக்கு தெரியுமாம். காற்று சரியாக அடித்தால் ஒட்டகம் செருமுவதுகூடக் கேட்குமாம்.

"அவ்வளவு கிட்டக்கப் போயிட்டு ஏன் திரும்பிட்டீங்க?" என்று கேட்டால், "தண்ணி கொஞ்சம் ஆழமா இருந்துச்சு" என்பார்.

தாம் தாண்டாத தண்ணீரை மகன் நௌஷாதைத் தாண்ட வைத்தார். அவன் ஷார்ஜாவில் ஏசி குழாய் பொருத்தும் கம்பெனியில் சேர்ந்தான். வீட்டுக்கொரு செல்போன் வந்து, எஸ்.டி.டி. கடைகளெல்லாம் ஜெராக்ஸ் கடைகளாக மாறிக்கொண்டிருந்த காலம் அது. அப்போதுதான் இரண்டாவது பெயர் பிறந்தது.

விடியற்காலையில் பள்ளிவாசலில் பாங்கு முடிந்ததும், மீரா உசேன் மகனுக்கு ஒரு மிஸ்டு கால் விடுவார். ஒரு மணி அடித்ததும் வெட்டிவிடுவார். ஒரு மணி என்றால் எல்லாரும் சுகம். அடுத்தடுத்து இரண்டு மணி என்றால் உடனே கூப்பிடு. பைசா செலவில்லாத தபால். விட்டு முடித்ததும் தெருவுக்கே கேட்கும்படி, "விட்டாச்சு!" என்பார். பாங்குக்கு எழுந்திருக்காத தூங்குமூஞ்சிகளும் அந்தச் சத்தத்துக்கு எழுந்துவிடுவார்கள் என்பது பேச்சு. அந்தப் பட்டன் போனை வேறு யாரும் தொடக்கூடாது. ஹலீமா துடைப்பதற்காக எடுத்தால்கூட, "வை, வை, ஷார்ஜாவுக்குப் போயிடப் போவுது" என்பார்.

ஒரு மழைக்காலத்தில் குடமுருட்டி ஆறு கரை புரண்டு செல்போன் கோபுரம் படுத்துவிட்டது. மணி போகவில்லை. ஷார்ஜாவில் நௌஷாதுக்குக் கை கால் ஓடவில்லை. எவனெவனையோ பிடித்து எங்கெங்கோ போன் போட்டிருக்கிறான். அவன் கேட்டது "அத்தா எப்படி இருக்காங்க?" என்று. ஊருக்குள் வந்து சேர்ந்தபோது அது "அத்தா மவுத்தாயிட்டாங்க" என்று மாறியிருந்தது. பள்ளிவாசலிலிருந்து பிணம் தூக்கும் சந்தூக்குப் பெட்டியே கிளம்பிவிட்டது. இடுப்பளவு தண்ணீரில் அதைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு வந்தவர்கள், வாசலில் உட்கார்ந்து கொழுக்கட்டை தின்றுகொண்டிருந்த மீரா உசேனைப் பார்த்து, போட்டுவிட்டு ஓடாத குறை.

"யாருக்குப்பா இது?" என்று அவர் கேட்டார்.

"உங்களுக்குத்தான் பாய்."

"அளவு சரியா இருக்காது. நான் கொஞ்சம் நெட்டை."

எல்லாரும் சிரித்தார்கள். மருமகள் பர்வின் மட்டும் சிரிக்கவில்லை. அன்று சாயங்காலம் லைன் கிடைத்தபோது நௌஷாத் அழுத அழுகையைக் கேட்டவள் அவள். அவன் சாரத்தில் ஏறி நிற்கும்போது இப்படி மனசு கலங்கினால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தோன்றியது. அதன் பிறகு, மாமனார் அசந்து தூங்கும் நாட்களில் அவளே சத்தமில்லாமல் உள்ளே போவாள். கட்டிலுக்குப் பக்கத்து முக்காலியில் இருக்கும் போனை இருட்டிலேயே எடுப்பாள். இரண்டாம் நம்பர் பொத்தானை அமுக்கிப் பிடித்தால் ஷார்ஜாவுக்குப் போய்விடும். ஒரு மணி, வெட்டு, வை. திரையைப் பார்க்க வேண்டிய வேலையே இல்லை. வெயில் ஏறின பிறகு அலறி எழும் கிழவர், "ஏ புள்ள, மணி விட்டாச்சா?" என்பார்.

"விட்டாச்சு மாமா. நீங்கதான விட்டீங்க. விட்டுட்டு மறுபடி படுத்துட்டீங்க."

"அதானே பார்த்தேன்" என்று அவர் மீசையைத் தடவிக்கொள்வார்.

இப்படி எத்தனை நாள் என்று பர்வின் கணக்கு வைத்துக்கொள்ளவில்லை. வயதாக ஆக அவர் அசருவது கூடியது. அவள் மணி விடுவதும் கூடியது. அவ்வளவுதான்.

அன்று தை மாத அறுவடை மும்முரம். கொள்முதல் நிலையத்தில் நெல் மலையாகக் குவிந்து, சாக்குக்கு ஆலாய்ப் பறந்தார்கள். மீரா உசேன் இரவு இஷா தொழுகைக்குப் பிறகுதான் வீட்டுக்கு வந்தார். "இன்னிக்கு வித்த சாக்க விரிச்சா திருவாரூர்வரைக்கும் கால்ல மண்ணு படாம போகலாம்" என்று அளந்துகொண்டே சாப்பிட்டார். சாப்பிட்டுப் படுத்தார். ஹலீமா பேரப்பிள்ளைகளோடு அடுத்த அறையில் படுத்தாள்.

பாங்கு சொல்லி முடிந்தது. "விட்டாச்சு" வரவில்லை. பர்வின் மாமனார் அறைக்குள் போனாள்.

குறட்டை கேட்டது. வழக்கமான குறட்டை இல்லை அது. நீர் நிறைந்த குழாயில் காற்று இழுப்பதுபோல ஏதோ ஒன்று. முக்காலியைத் தடவினாள். போன் இல்லை. கட்டிலில், அவருடைய வலது கைக்குப் பக்கத்தில் கிடந்தது. விரல்கள் அதன்மேல் பாதி கிடந்தன. களைப்பில் போனோடே தூங்கிவிட்டார் என்று நினைத்தாள். விரலை மெல்ல நகர்த்தினாள், கனமாக இருந்தது. விளக்கைப் போட்டால் விழித்துவிடுவாரே என்று போடவில்லை. பொத்தானை அமுக்கினாள். ஒரு மணி. வெட்டினாள். முக்காலியில் வைத்தாள். கதவை ஒருக்களித்துவிட்டு வந்து மாவு கரைக்கப் போனாள்.

அந்தக் குறட்டை பர்வினுக்கு இன்றைக்கும் கேட்கிறது. கிரைண்டர் ஓடும்போது கேட்கிறது. மோட்டார் போட்டு வாய்க்கால் தண்ணீரை வயலுக்கு இறைக்கும்போது கேட்கிறது.

வெளிச்சம் வந்த பிறகு டீயோடு உள்ளே போன ஹலீமாதான் கத்தினாள். வாய் இடப்பக்கம் இழுத்திருந்தது. வலது கையும் காலும் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. கண் மட்டும் விழித்து, கூரையில் எதையோ தேடிக்கொண்டிருந்தது. கார் பிடித்துத் தஞ்சாவூருக்குப் பறந்தார்கள். வழியெல்லாம் தார்ச்சாலையில் நெல்லைக் காயப்போட்டிருந்தார்கள். கார் அதன்மேலேயே ஏறிப் போயிற்று. ஒருவரும் ஏசவில்லை.

மருத்துவமனையில் டாக்டர் தியாகராசன், வலங்கைமான் பக்கம் நிலம் நீச்சு உள்ள குடும்பத்துப் பிள்ளை, ஓட்டமும் நடையுமாக எல்லாம் பார்த்தார். சர்க்கரை பார்த்தார், ரத்த அழுத்தம் பார்த்தார், தலையை ஸ்கேன் எடுத்தார். பிறகு ஹலீமாவிடமும் பர்வினிடமும் வந்து நின்றார்.

"மூளைக்குப் போற ரத்தக் குழாய்ல ரத்தக்கட்டி அடைச்சிருக்கு. ரத்தக் கசிவு இல்ல. கட்டியக் கரைக்கிற ஊசி ஒண்ணு இருக்கு. போடலாமா கூடாதான்னு தெரிஞ்சாகணும். டக்கு டக்குனு பதில் சொல்லுங்க. சமீபத்துல ஆபரேஷன் ஏதாவது?"

"இல்லிங்க" என்றாள் ஹலீமா.

"தலையில அடி? ரத்த வாந்தி? கறுப்பா வெளிக்குப் போனாரா?"

"இல்லிங்க."

"ரத்தம் உறையாம இருக்கிறதுக்கு மாத்திரை எடுக்கிறாரா?"

"மாத்திரைய கண்டா ஓடுறவருங்க டாக்டரய்யா. பல்லு ஒண்ணு புடுங்குனாங்க."

"எப்ப?"

"சுனாமி வருஷம்."

"சரி, அந்தப் பல்ல விடுங்கம்மா. ஏன் கேக்கிறேன்னா, இந்த மருந்துக்கு மூளையில இருக்கிற கட்டிய மட்டும் பார்த்துக் கரைக்கத் தெரியாது. உள்ள எங்க ஆறாத புண்ணு இருந்தாலும் அங்கேயும் ரத்தத்த அவுத்து விட்டுடும். இப்ப பெரிய கேள்வி. கடைசியா அவர் நல்லா இருந்ததப் பார்த்தது யாரு? எப்ப? நாலரை மணி நேரத்துக்குள்ளன்னா போடலாம். அதுக்கு மேலன்னா போடக்கூடாது."

ஹலீமாவின் கையிலிருந்த போன் அலறியது. நௌஷாத். டாக்டர் வாங்கி ஸ்பீக்கரில் போட்டு, ஊசியையும் நேரக் கணக்கையும் அவனிடமும் சொன்னார்.

"டாக்டர், சுபுஹு பாங்கு நேரத்துல எனக்கு அத்தாகிட்டேருந்து மணி வந்துச்சு டாக்டர்! அந்த போன அவங்களத் தவிர யாரும் தொட மாட்டாங்க. அப்ப நல்லாத்தான் இருந்திருக்காங்க. நேரம் இருக்கு. ஊசியப் போடுங்க!"

"பேசினாரா?"

"பேச மாட்டாங்க. மிஸ்டு கால். தினம் விடுவாங்க."

டாக்டர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். "அவரே நம்பரத் தேடி அமுக்கினாருன்னா, அப்ப கையும் புத்தியும் வேலை செஞ்சிருக்கு. கொஞ்சம் நேரம் மிச்சம் இருக்கு. வீட்டுல வேற யாராவது அந்த நேரத்துல பார்த்தீங்களாம்மா?"

ஹலீமா மருமகளின் மணிக்கட்டைப் பிடித்தாள். அது சொல்லு என்ற பிடியா, சொல்லாதே என்ற பிடியா, பர்வினுக்கு விளங்கவில்லை. சொல்லாமல் இருந்தால் ஊசி போடுவார்கள். மாமனார் எழுந்து நடந்தாலும் நடப்பார். அத்தா தினமும் தன்னை நினைத்து மணி விட்டார் என்று நௌஷாத் நம்பிக்கொண்டே இருப்பான். சொன்னால் எல்லாம் போய்விடும். தன் பேரும் போய்விடும். வாயை மூடிக்கொண்டு இருப்பதைப்போல் சுலபம் எதுவுமில்லை. ஆனால் அந்தக் குறட்டை, கட்டிலிலிருந்து இல்லாமல், இப்போது அவள் காதுக்குள்ளேயே இழுத்துக்கொண்டிருந்தது.

"அந்த மணி மாமா விட்டது இல்லிங்க" என்றாள். "நான் விட்டேன்."

ஷார்ஜாவில் எங்கோ துளையிடும் இயந்திரத்தின் சத்தம் மட்டும் போனில் வந்தது.

"நீங்க போனப்ப எப்படி இருந்தார்?"

"குறட்டை விட்டாங்க. அவங்க குறட்டை மாதிரி இல்ல."

"முகத்தப் பார்த்தீங்களா?"

"லைட்டு போடல."

டாக்டர் ஒரு மூச்சு விட்டார். "அப்ப ராத்திரி சாப்பிட்டுப் படுத்ததுதான் கடைசியா நல்லா பார்த்த நேரம். ஊசி வேண்டாம்."

"டாக்டர், அவ சொல்றதக் கேக்காதீங்க!" நௌஷாத் கத்தினான். "போடுங்க! எதுவானாலும் நான் கையெழுத்துப் போடுறேன்!"

"கையெழுத்துக்கு ரத்தம் நிக்காது தம்பி. காஞ்சு வெடிச்ச வாய்க்கால்ல ஒரேயடியா முழுத் தண்ணியும் திறந்துவிட்டா என்ன ஆகும்? கடைமடைக்குப் போய்ச் சேராது. வெடிப்புல பூந்து கரைய அரிச்சுட்டு வெளிய போகும். நேரம் கடந்த மூளையும் அப்படித்தான். உள்ள குழாயெல்லாம் இத்துப் போயிருக்கும். கட்டி கரைஞ்சு ரத்தம் பாஞ்சா உள்ளேயே கசியும். ஸ்கேன்லயும் ஒரு ஓரம் லேசா மங்கலா இருக்கு. அது இப்ப வந்ததா இருக்காதோன்னு எனக்கே ஒரு சந்தேகம். வேற மருந்து இருக்கு. கவனிப்பு இருக்கு. உயிரக் காப்பாத்தப் பார்ப்போம்."

மீரா உசேன் பிழைத்தார். வலது கை தொங்கிவிட்டது. காலை இழுத்து இழுத்து, சுவரைப் பிடித்து நடந்தார். பேச்சு போய்விட்டது. முழுக்கப் போகவில்லை. ஒட்டகக் கதையும் பம்பாய்க் கதையும் போய், ஒரே ஒரு சொல் மட்டும் நாக்கில் தங்கிவிட்டது.

தண்ணீர் வேண்டுமா என்று கேட்டால், "விட்டாச்சு."

கால் வலிக்கிறதா என்றால், "விட்டாச்சு."

இப்படி ஒரு சொல் தங்குவது இந்த நோயில் உண்டு, வேண்டுமென்று சொல்வதில்லை என்று டாக்டர் சொல்லித்தான் அனுப்பியிருந்தார். ஆனால் அவர் அதைச் சொல்லும்போதெல்லாம் பர்வினுக்கு வேறு மாதிரி கேட்டது. இருட்டில் எத்தனையோ காலைகளில் தான் சொன்ன பொய், கிழவரின் வாயில் குடியேறி, பகலெல்லாம் வீட்டுக்குள் காலை இழுத்துக்கொண்டு நடமாடுகிறது என்று பட்டது. சோறு ஊட்டும்போது அவர் கண்ணைப் பார்ப்பதில்லை. வாயை மட்டும் பார்த்து ஊட்டினாள்.

நலம் விசாரிக்க வந்த பெண்கள் அவள் காதில் விழும்படியே பேசினார்கள். "வாய வச்சுக்கிட்டு சும்மா இருந்திருந்தா ஊசிய போட்டிருப்பாங்க. மனுஷன் இந்நேரம் சாக்கு வித்துக்கிட்டு இருப்பாரு." ஹலீமா ஒரு வார்த்தை பேசவில்லை. ஏசியிருந்தால்கூடத் தேவலை. போனுக்கு ஒரு கயிறு கட்டித் தன் கழுத்தில் மாட்டிக்கொண்டாள், அவ்வளவுதான். நௌஷாத் அம்மாவிடம் பேசுவான், பிள்ளைகளிடம் பேசுவான். பர்வின் போனை வாங்கினால் சிக்னல் போய்விடும். விடியற்கால மணி நின்றுபோயிற்று. ஆனாலும் பர்வினுக்குப் பாங்குக்கு முன்னால் விழிப்புத் தட்டிவிடும். எழுந்து போய் மாமனார் அறைக் கதவடியில் நின்று, உள்ளே மூச்சு எப்படி இழுக்கிறது என்று கேட்பாள். ஒவ்வொரு முறையும் மனசில் அதே காட்சி: முக்காலி வெறுமையாக இருக்கிறது, போன் கையடியில் கிடக்கிறது. முக்காலியை விட்டு அது ஏன் கட்டிலுக்கு வந்தது?

ஹஜ்ஜுப் பெருநாளுக்கு நௌஷாத் லீவில் வந்தான். பெட்டியைத் திறந்தான், எல்லாருக்கும் கொடுத்தான், பர்வினுக்கும் சேலை இருந்தது; கட்டிலில் வைத்துவிட்டுப் போனான். மறுநாள் அத்தாவைத் தஞ்சாவூர் டாக்டரிடம் காட்ட அழைத்துப் போனார்கள். பார்த்துக்கொள்கிறவள் என்பதால் பர்வினும் போக வேண்டியிருந்தது.

டாக்டர் கை காலைத் தூக்கிப் பார்த்தார். "பரவால்ல பாய், நல்லா தேறிட்டீங்க. எப்படி இருக்கீங்க?"

"விட்டாச்சு" என்றார் மீரா உசேன் மரியாதையாக.

டாக்டர் சிரித்துவிட்டு எழுதக் குனிந்தார். அப்போது நௌஷாத் சட்டைப் பையிலிருந்து பழைய போன் ஒன்றை எடுத்து மேசைமேல் வைத்தான்.

"டாக்டர், அன்னைக்கு எனக்கு வந்தது ஒரு மணி இல்ல. ரெண்டு."

பர்வின் நிமிர்ந்தாள்.

"ஒண்ணு பாங்குக்கு ரொம்ப முன்னாடி. ஒண்ணு பாங்குக்கு அப்புறம். நான் எழுந்து பார்த்தப்ப ரெண்டும் சேர்ந்து கிடந்துச்சு. இந்த போன்ல இருக்கு, அழிக்கவே இல்ல. அப்புறம் இந்த போன நான் தொடவும் இல்ல."

"நான் ஒண்ணுதான் விட்டேன்" என்றாள் பர்வின்.

"தெரியும். மொத மணி அத்தா விட்டது. பாங்குக்கு முன்னாடி அவங்க என்னைக்கும் விட்டதில்ல." அவன் அவளைப் பார்க்காமல் போனையே பார்த்தான். "எங்க வீட்டுக் கணக்குல ரெண்டு மணின்னா உடனே கூப்பிடணும் டாக்டர். நான் கூப்பிடல. கம்பெனி பஸ்ஸு நின்னுக்கிட்டிருந்துச்சு, கார்டுல காசு இல்ல. டீ குடிக்கிற நேரத்துல பேசிக்கலாம்னு ஏறிட்டேன். அன்னைக்கு உங்ககிட்ட மணி வந்துச்சுன்னுதான் கத்துனேன். எத்தனைன்னு சொல்லல. அதுக்கப்புறம் இவகிட்ட பேச வாய் வரல. கோவம்னு நினைச்சுக்கிட்டா. நானும் கோவம்னுதான் நினைச்சுக்கிட்டேன்."

பர்வினுக்கு அந்த அறை முழுக்க இருட்டிக்கொண்டு, மாமனாரின் கட்டில் தெரிந்தது. கை மரத்துப்போக ஆரம்பித்த மனிதர் இருட்டில் முக்காலியைத் துழாவுகிறார். போனை இழுக்கிறார். ஒரு மணி விடுகிறார். இன்னொன்று விட வேண்டும், விரல் கேட்கவில்லை. அப்படியே கிடக்கிறது. பிறகு கதவு திறக்கிறது. மருமகள் வருகிறாள், விரலை நகர்த்துகிறாள், அவர் பாக்கி வைத்த மணியைத் தன் கையால் அடித்துவிட்டு, கதவை ஒருக்களித்துவிட்டுப் போகிறாள்.

"டாக்டரய்யா," என்றாள், "இது அன்னைக்கே தெரிஞ்சிருந்தா ஊசி போட்டிருப்பீங்களா?"

டாக்டர் பேனாவை மூடினார். "மாட்டேன்மா. அது நல்லா இருக்கேன்னு விட்ட மணியா, முடியலன்னு விட்ட மணியா? யாருக்குத் தெரியும்? பாங்குக்கு முன்னாடி அவர் என்னைக்குமே விட்டதில்லங்கிறீங்க. அப்ப அது நல்ல மணியா இருக்காது. மணிய வச்சு ஆளு நல்லா இருந்தாருன்னு எடுத்துக்க முடியாது. பார்த்த கண்ணு வேணும், பேசின வாய் வேணும். தூக்கத்துல வந்ததுக்கு படுக்கப் போன நேரம்தான் கணக்கு. அன்னைக்கு நீங்க சொல்லாம நான் போட்டிருந்தா, இன்னைக்கு இவர் இங்க உக்காந்திருப்பாரான்னு என்னால சொல்ல முடியாது."

"நான் உடனே கூப்பிட்டிருந்தா?" என்றான் நௌஷாத்.

"சீக்கிரம் வந்திருப்பீங்க. ஊசிக்கு அப்பவும் இதே பதில்தான். ஊசியப் பத்தித்தான் எனக்குத் தெரியும் தம்பி. மத்தது எனக்குத் தெரியாது."

மீரா உசேன் மேசைமேல் கிடந்த பழைய போனை இடது கையால் எடுத்தார், திருப்பித் திருப்பிப் பார்த்தார், மகன் மடியில் வைத்தார். "விட்டாச்சு" என்றார். அவர் எப்போதும் சொல்வதுதான். ஆனால் அன்றைக்குப் பர்வின் முதன்முறையாக அவர் கண்ணைப் பார்த்தாள். அதில் ஏச்சு இருந்ததா இல்லையா என்று அவளால் படிக்க முடியவில்லை. ஈரம் மட்டும் இருந்தது; அந்த நோய்க்குப் பிறகு அது எப்போதுமே இருந்தது.

வீட்டுக்கு வந்ததும் நௌஷாத் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னான். ஹலீமா கேட்டுவிட்டு, கழுத்திலிருந்த கயிற்றைக் கழற்றிப் பர்வின் கையில் போனை வைத்தாள். "எனக்கு அந்த ரெண்டாம் நம்பர் எங்க இருக்குன்னே தெரியல புள்ள" என்றாள்.

நௌஷாத் லீவு முடிந்து போன பிறகு மிஸ்டு கால் கிடையாது. விடியற்காலையில் பர்வின் மாமனார் அறைக்குப் போவாள். முதல் வேலை விளக்கைப் போடுவது. கிழவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு முனகுவார். "சிரிங்க மாமா" என்பாள். ஒரு பக்கம் சிரிப்பார். "கையத் தூக்குங்க" என்பாள். ஒரு கையைத் தூக்குவார். நேற்று இருந்த மாதிரியே இருக்கிறதா என்று முகத்தை உற்றுப் பார்ப்பாள். அதற்குப் பிறகுதான் போனை அமுக்குவாள். வெட்ட மாட்டாள், மறுமுனை எடுக்கும்வரை விடுவாள். காசு போனால் போகிறது.

"பார்த்தியா?" என்பான் நௌஷாத்.

"பார்த்தேன் மச்சான்."

"லைட்டு போட்டுப் பார்த்தியா?"

"போட்டுத்தான் பார்த்தேன்."

போனை மாமனார் வாயருகே பிடிப்பாள். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, தெருவுக்கே கேட்கும்படி அந்த ஒரு சொல்லைச் சொல்வார்.

பிறகு விளக்கை அணைத்துவிட்டுக் கதவருகே வந்து நிற்பாள். அவர் மறுபடி தூங்கிப் போவார். குறட்டை ஆரம்பிக்கும். கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டே நிற்பாள். பல நாள் அடுப்படிக்குப் போய்விடுவாள். சில நாள், கை தானாகச் சுவரில் பொத்தானைத் தேடும்; திரும்பிப் போய் மறுபடியும் விளக்கைப் போடுவாள்.